ஒரு ஆளுக்கு ஒரு புகை

வாசலில் இருந்தவர்கள்: யூனிஸ். அவள் மகள் ரேலீன். யூனிஸின் தம்பி, வீட்டுக்குச் சொந்தக்காரர். அவர் பெயரை எழுதவில்லை. போன மாதம் அவருக்குத் துக்கம் காத்து முடித்தாயிற்று. செத்தவர் பெயரை எங்கள் பாலைவனப் பழங்குடியில் யாரும் சொல்வதில்லை.

— மணல்மேட்டு வாட்டில் வேலஞ்செடியைச் சாவுப் புகைக்கு மொட்டையடிச்சு வச்சிருக்கீங்க. பஸ்ல வரும்போதே பாத்தேன். யார் செத்தது, அக்கா?

— ரேலீன், வாசல்ல யாருன்னு பாரு.

— மாமாதாம்மா.

— எந்த மாமா? உனக்கு இருந்தது ஒரே மாமா.

— அக்கா, உன் மூக்குக்கு நேரா நிக்கிறேன். அவகிட்ட எதுக்குக் கேக்கிறே?

— செத்தவங்களோட பேச்சு வச்சுக்க மாட்டோம்னு சொல்லுடி.

— மாமா... டவுன்ல இருந்து போன் வந்துச்சு. கிட்னி மெஷின்ல இருந்த நம்ம ஆளு ஒருத்தர் போயிட்டாருன்னு. பேரு சொல்லல. எப்படிச் சொல்லுவாங்க? நாங்க நீங்கதான்னு...

— அது பக்கத்து மெஷின்காரன். பாவிப்பய, செத்தும் என் வீட்டைத் தூக்கிட்டுப் போயிட்டானே!

— நிஜமா அழுதோம் மாமா. அம்மா கல்லால மண்டையை உடைச்சுக்கிட்டா.

— தழும்பு தெரியுது. நல்லாத்தான் அடிச்சிருக்கா. அப்புறம்?

— உங்க ஆவி வீட்டை விட்டுப் போகட்டும்னு வாட்டில் கிளையைக் கொளுத்தி ரூம் ரூமாப் புகை போட்டோம். உங்க போர்வையெல்லாம் எரிச்சோம். முற்றத்துல உங்க காலடியைக் கிளையால பெருக்கித் தள்ளினோம்.

— மூணு வருஷமா நான் மிதிக்காத முற்றத்துல ஏதுடி காலடி? சரி, தள்ளு. உள்ள வர்றேன். மெஷின் போதும்னு டாக்டர்கிட்ட சொல்லிட்டு வந்துட்டேன். ஒரு வாரம் ஓடுமோ, பத்து நாள் ஓடுமோ. அந்த ஜன்னலோரம் படுத்துக்கிட்டுப் போய்ச் சேந்துடுவேன்.

— போய்ச் சேந்துடுவே. நாங்க? இங்க ஒரு சாவு விழுந்தா வீட்டை மூடணும். இத்தனை பிள்ளைங்களோட நான் மறுபடியும் அந்தத் தகரக் கொட்டாய்க்குப் போகணும். போன குளிர்லயே சின்னது மூச்சு விட முடியாமக் கிடந்துச்சு.

— பாரு, செத்தவனோட பேசிட்டா!

— சிரிக்காதே.

— எனக்குத்தான் முன்கூட்டியே புகை போட்டாச்சே, அக்கா. ஒரு ஆளுக்கு ஒரு புகை போதாதா?

— புகை போட்டது போட்டதுதான். நீ இங்க இல்ல. அவ்வளவுதான்.

— என் வீடுக்கா இது.

— உன் வீடா இருந்துச்சு.

— ...சரி. வாட்டில் சாம்பல் இருக்கா? புகையிலையோட சேத்து மெல்ல ஒரு பிடி. டவுன்ல சிகரெட் சாம்பலைப் போட்டு மென்னு நாக்கே வெந்துபோச்சு.

— ரேலீன், அந்த டப்பாவை எடுத்துக் குடு. முழுசாவே குடுத்துடு.

— நல்ல வெள்ளைச் சாம்பல். என் போர்வையும் இதுல கலந்திருக்கோ என்னவோ. வர்றேன்.

— மாமா, எங்க போறீங்க?

— மணல்மேட்டுக்கு. அதுக்கு இன்னும் யாரும் கதவு வைக்கல.

— அம்மா, கூப்பிடும்மா. நடக்கக்கூட முடியல அவரால. பாதியிலயே உக்காந்துட்டாரு.

— கதவைச் சாத்து.

— அம்மா...

— பூட்டுடி!

— பூட்டிட்டேன். போதுமா? போன்ல வந்த சேதியை நாமதானே தப்பாப் புரிஞ்சுக்கிட்டோம். அவரு என்ன பண்ணுவாரு?

— யாருடி தப்பாப் புரிஞ்சுக்கிட்டது? அன்னைக்குச் சாயங்காலமே அவன் போன் பண்ணினான், வீட்டுக்கு வந்துதான் சாவேன்னு. அதுக்கப்புறம்தான் நான் வாட்டில் ஒடிக்கப் போனேன்.