குழாயும் குழாயும் சேர்ற கோடு

– கிரைண்டரை ஆஃப் பண்ணு! முதல்ல ஆஃப் பண்ணும்மா! மாடி வரைக்கும் கேக்குது.

– பண்ணிட்டேன். போனை ஸ்பீக்கர்ல போட்டு மேஜை மேல வெச்சிருக்கேன், கத்தாம பேசுங்க. பைப்புல இருந்த துருவைத்தான் தேய்ச்சேன். இன்னும் எதையும் வெட்டல.

– வெட்டவும் வேண்டாம். எதிர்ல பட்டறை வெச்சிருக்காரே, அந்த எதிர்க்கடைக்காரரை வரச் சொல்லியிருக்கேன். அவர் வந்து கோடு போட்டு வெட்டிக் குடுப்பார்.

– என்னது? நம்ம பட்டறைக்குள்ள அவரா?

– வேற என்ன பண்ணச் சொல்ற? எனக்குக் கால்ல மாவுக்கட்டு. சாயங்காலம் ரொட்டிக்கடைக்காரம்மா வண்டியோட வந்து நிப்பாங்க. நாளைக்கு அவங்க கடை திறப்பு. புகைபோக்கி இல்லாம புது அடுப்பை எப்படிப் பத்த வைப்பாங்க? அந்த ரெண்டு பைப்பையும் சேர்த்துக் குடுக்கணுமா வேண்டாமா?

– குடுக்கணும். நான் குடுக்கிறேன்.

– நீயா?

– ஏன், இந்தப் பட்டறையில இத்தனை வருஷமா வெல்டிங் பண்றது யாரு? உங்க நிழலா?

– கேளு, வெல்டிங் வேற, கோடு போடறது வேற. வெல்டிங் தப்பினா தேய்ச்சுட்டு மறுபடி போடலாம். கோடு தப்பினா பைப்பு போச்சு. அந்தத் தடிமன்ல நம்மகிட்ட அது ஒண்ணுதான் இருக்கு. நம்ம ஜாயின்ட்டுல சந்து விட்டிருக்குன்னு இன்னிக்கு வரைக்கும் ஒருத்தன் விரல் நீட்டினதில்ல, தெரியுமா?

– தெரியுமே. தினமும் கேக்கிறேனே. மில்லு பைப்பு கதையையும் சேர்த்து.

– மில்லு பைப்புன்னா சும்மாவா? சாய்ஞ்சும் வந்துச்சு, நடுவை விட்டு விலகியும் வந்துச்சு. எங்க பெரிய மேஸ்திரியே கையை விரிச்சுட்டாரு. நான் வெச்சேன் பாரு, உள்ள விளக்கைப் போட்டா பொட்டு வெளிச்சம் வெளிய வரல! அந்த ஒரு ஜாயின்ட்டாலதான் எனக்குத் தனியாப் பட்டறை வைக்கத் தைரியம் வந்துச்சு.

– இதுவும் அச்சு அசல் அதே மாதிரிதாங்க. ரொட்டிக்கடையில வலது பக்கம் உத்தரம் குறுக்க வருது. அதுக்கு வழி விட்டு, அடுப்புல இருந்து வர்ற சின்ன பைப்பு சாய்ஞ்சு, இடது பக்கமா விலகிப் போய் பெரிய பைப்பைத் தொடணும்.

– அதனாலதானே பயப்படறேன்! இது கை சொல்ற வேலைம்மா.

– அந்தக் கை மாடியில படுத்திருக்கு. அதனால நான் அட்டையைக் கேட்டேன். பைப்பைச் சுத்தி ஒட்டற அட்டையில கோடு வரைஞ்சாச்சு.

– பேப்பர்க்காரி புத்தி எங்க போகும்! மில்லு ஆபீஸ்ல உக்காந்து பிளானை நகல் எடுத்தவதானே நீ.

– அந்தப் பேப்பர்க்காரியைத்தான் தேடி வந்து கட்டினீங்க.

– அது எங்க அத்தை பண்ணின வேலை. உன்னை எங்கயோ பார்த்துட்டு வந்து, என்ன முடி, என்ன முடின்னு ஒரே பாட்டு.

– ஆமா, இப்ப இருக்கிற முடிக்கு அவங்க வந்து பார்க்கணும். அதை விடுங்க. நகல் எடுக்க எடுக்க எனக்கு ஒண்ணு புரிஞ்சுதுங்க. ரெண்டு பொருள் எங்க சேர்ந்தாலும் அங்க ஒரு கோடு ஒளிஞ்சிருக்கு. நாமதான் போய்த் தேடி எடுக்கணும்.

– பெரிய தத்துவம்! சரி, கேளு. நான் கேக்கிறதுக்கெல்லாம் சரியா பதில் சொன்னா எதிர்க்கடைக்காரரை வர வேண்டாம்னு சொல்லிடறேன். ஒண்ணு தப்பினாலும் அட்டையை எடுத்து ஓரமா வெச்சுடணும். சம்மதமா?

– கேளுங்க மேஸ்திரி.

– தட்டையும் தட்டையும் சேர்ந்தா என்ன வரும்?

– மூணு வாரமா மல்லாக்கப் படுத்து எதைப் பார்த்துட்டு இருக்கீங்க?

– எதைப் பார்க்கறது, இந்த மூலையைத்தான்.

– பதில் அங்கயே இருக்கு. சுவரும் சுவரும் சேர்ற இடம் நேர்கோடு. மேல் தளமும் கூட வந்து சேர்ந்தா, மூணுக்கும் பொதுவா ஒரே ஒரு புள்ளி.

– அந்தப் புள்ளியில ஒட்டடை தொங்குது. மேல வர்றப்ப துடைப்பத்தைக் கொண்டா. சரி, பைப்பை ரம்பத்தால சாய்ச்சு அறுத்தா?

– நீள்வட்டம். வெள்ளரிக்காயைச் சாய்ச்சு நறுக்கறப்ப பார்க்கறதுதானே. ரம்பம் தட்டையா போறதால வாயும் தட்டையா வரும். தரையில நிறுத்தினா சுத்தி எல்லா இடமும் படியும்.

– பைப்பு வந்து பைப்பைத் தொட்டா?

– தரையில படியாது. எதிர்ல இருக்கிறதும் உருண்டையாச்சே! விளிம்பு ஒரு இடத்துல ஏறி, ஒரு இடத்துல இறங்கி, குதிரைச் சேணம் மாதிரி நிக்கும். அதையே பிரிச்சு அட்டையில போட்டா அலை மாதிரி வரும்.

– அலை ரெண்டு பக்கமும் ஒரே மாதிரி இருக்குமா?

– நடுவுல வந்து தொட்டா ஒரே மாதிரி. சாய்ஞ்சு வந்தாலும் சரி, நடுவுல தொடுதுன்னா ஒரே மாதிரிதான். இங்க சாய்வும் இருக்கு, விலகலும் இருக்கு. அதனால அலை ஒரு பக்கம் சட்டுனு ஏறுது, இன்னொரு பக்கம் சோம்பேறி மாதிரி மெதுவா இறங்குது.

– ம். அந்த அலையை எப்படிப் பிடிச்ச?

– சின்ன பைப்பைச் சுத்தி சமமா பங்கு போட்டேன். ஒவ்வொரு பங்குல இருந்தும் ஒரு கோடு நீட்டி, அது பெரிய பைப்பை எங்க போய் இடிக்குதுன்னு வரைஞ்சு பார்த்தேன். அந்த நீளங்களை எல்லாம் அட்டையில வரிசையா நிக்க வெச்சு, தலையைத் தொட்டுத் தொட்டு இழுத்தா கோடு வந்துடுச்சு. என்ன அழகு தெரியுமா! நானே கொஞ்ச நேரம் அதைப் பார்த்துட்டு நின்னேன்.

– தலைக்கனம் ஏறிடுச்சு உனக்கு.

– உங்ககிட்ட இருந்து தொத்திக்கிட்டதுதான்.

– கடைசிக் கேள்வி. அட்டையை பைப்புல சுத்திட்டியா?

– சுத்தியாச்சு.

– கோடு போட்ட பக்கம் வெளிய தெரியுதா, உள்ள போச்சா?

– வெளிய. வெளியில இருந்து பார்க்கிற மாதிரிதானே வரைஞ்சிருக்கேன்.

– உள்ள போனா என்ன ஆகும்?

– இடம் வலமா மாறிடும். பைப்பு வலது பக்கமா விலகிப் போய் நேரா உத்தரத்துல முட்டும். அன்னிக்கு மில்லுல நீங்க சுத்தி வெச்ச மாதிரி.

– என்ன சொன்ன?

– ஒண்ணுமில்ல. பதில் சரிதானே? வெட்டட்டுமா?

– நில்லு. மில்லுல நான் எப்படிச் சுத்தி வெச்சேன்?

– விடுங்க, வாய் தவறி வந்துடுச்சு. வேலை கிடக்கு.

– வேலை எங்கயும் ஓடிடாது. சொல்லு.

– சொன்னா வருத்தப்படக் கூடாது.

– சொல்லும்மா!

– அன்னிக்கு நீங்க எல்லாரும் சாப்பிடப் போயிருந்தீங்க. நான் பிளானைக் குடுக்க வந்தேன். பைப்புல அட்டை சுத்தியிருந்துச்சு, கோடு உள்பக்கமா போயிருந்துச்சு. ஓரத்துல மட்டும் பென்சில் தடம் எட்டிப் பார்த்துச்சு. அந்தப் பிளானை நகல் எடுத்தவ நான்தானே, விலகல் எந்தப் பக்கம்னு எனக்குத் தெரியாதா? அட்டையைப் பிரிச்சேன், திருப்பிச் சுத்தினேன், ஓடியே போயிட்டேன்.

– யார்கிட்டயும் சொல்லல?

– எப்படிங்க சொல்றது? நேத்து வேலைக்கு வந்த பொண்ணு மேஸ்திரிங்க அட்டையில கை வெச்சான்னு தெரிஞ்சா, அன்னிக்கே வீட்டுக்கு அனுப்பியிருப்பாங்க.

– சரி, கல்யாணத்துக்கு அப்புறம்?

– அந்தப் பைப்பைப் பத்திப் பேசறப்ப உங்க முகத்தை நீங்க பார்த்ததில்ல. யாராவது வீட்டுக்கு வந்தா போதும், நெஞ்சு இப்படி நிமிரும். பக்கத்துல நின்னு பார்க்கிற எனக்கும் பெருமையாத்தான் இருக்கும். அதைக் கெடுக்க மனசு வரல. ஆனா இன்னிக்கு, நீயான்னு ஒரு கேள்வி கேட்டீங்க பாருங்க! பொறுக்க முடியல.

– சரி, வெட்டு.

– கோவமா?

– முதல்ல வெட்டும்மா. கண்ணாடி போட்டுக்கோ. கோட்டு மேல போகாத, கோட்டை ஒட்டி வெளிப்பக்கமா போ. மிச்சத்தை அரத்தால எடுத்துக்கலாம்.

– அது எனக்குத் தெரியும். போனைக் காதுல இருந்து தள்ளி வெச்சுக்கோங்க, சத்தம் வரும்.

– ...என்னம்மா? சத்தம் நின்னு இவ்வளவு நேரமாச்சு! நான் இங்க மூச்சைப் பிடிச்சுட்டு உக்காந்திருக்கேன்.

– அரம் போட்டுட்டு இருந்தேன். இப்பதான் தூக்கிப் பெரிய பைப்பு மேல வெச்சேன்.

– ஆடுதா?

– ஆடலைங்க. அப்படியே உக்காந்துக்கிச்சு.

– உள்ள டார்ச் போட்டுப் பாரு. மேல் வாயைத் துணியால அடைச்சுடு.

– அடைச்சுட்டேன். கதவையும் சாத்திட்டேன். இருங்க, சுத்தி வந்து பார்க்கறேன்.

– ...சொல்லித் தொலையேன்!

– இருட்டுங்க. சுத்தி இருட்டு! ஊசி முனை வெளிச்சம் கூட வரல! நான் போட்ட கோடுங்க இது, நான் போட்டது!

– இன்னும் சத்தமா சொல்லு, தெரு முழுக்கக் கேக்கட்டும்!

– அப்போ எதிர்க்கடைக்காரரை வர வேண்டாம்னு சொல்லிடுங்க.

– எதுக்குச் சொல்லணும்? வரட்டும். வந்து கண்ணாரப் பார்த்துட்டுப் போகட்டும். யார் வெட்டினதுன்னு கேட்டா, தலையை நிமிர்த்தி நான்தான்னு சொல்லு. இனிமே இங்க கோடு போடறது நீதான்.

– நிஜமாவா? அப்போ மில்லு பைப்பு? அதைப் பத்தி நீங்க ஒரு வார்த்தை கூடப் பேசலையே. மனசு நொந்துட்டீங்களா?

– அலமாரி மேல் தட்டுல, சாக்பீஸ் டப்பாவுக்குப் பின்னாடி ஒரு தீப்பெட்டி இருக்கும். எடு.

– இப்ப எதுக்கு தீப்பெட்டி?

– எடுன்னா எடேன்.

– எடுத்துட்டேன். குச்சி மாதிரி தெரியலையே, வேற என்னமோ குலுங்குது. இது... தலைக்குப் போடற கிளிப்பு. பட்டாம்பூச்சி கிளிப்பு. ஐயோ, இது என்னோடதுங்க! பைப்புல எண்ணெய்ப் பிசுக்கு, டேப்பு ஒட்டல. அதனால தலையில இருந்து உருவி அட்டை ஓரத்துல மாட்டிட்டு ஓடினேன்.

– எங்க செட்டுல தலைக்குக் கிளிப்பு மாட்டறவன் எவனும் இல்லையே.

– அப்போ அன்னிக்கே உங்களுக்குத் தெரியுமா?

– அட்டை திரும்பியிருக்குன்னு பார்த்த உடனே தெரியும். நீயா வாயைத் திறந்து சொல்லுவேன்னு இத்தனை வருஷமா காத்துட்டு இருந்தேன். ஆனா, திருப்பிச் சுத்தத் தெரிஞ்சவளுக்குக் கோடே போடத் தெரியும்னு மரமண்டைக்கு இன்னிக்குத்தான் உறைச்சுது.

– தெரிஞ்சுமா வர்றவங்க போறவங்ககிட்ட எல்லாம் அந்தக் கதையைச் சொல்லி நெஞ்சை நிமிர்த்தினீங்க?

– பொண்டாட்டி கை பட்ட பைப்பைப் பத்திப் பேசறப்ப நிமிராம, வேற எப்ப நிமிர்த்தச் சொல்ற?

– அடப்பாவி மனுஷா! இருங்க, இருங்க. அப்போ உங்க அத்தை எங்கயோ என்னைப் பார்த்தது, என் முடியைப் பார்த்து ஆசைப்பட்டது...

– அத்தையை உங்க வீட்டுக்கு அனுப்பினதே நான்தான்மா, இந்தக் கிளிப்போட ஜோடி யார் தலையில இருக்குன்னு மில்லு முழுக்கத் தேடிக் கண்டுபிடிச்ச அப்புறம்.