காசிமேட்டுக்குப் போன அத்தோ வண்டி

தலைமை தாங்கும் ரஷீது பாய் அவர்களே, மேடைக்கு வர மாட்டேன் என்று கீழேயே உட்கார்ந்துவிட்ட, நம் ஞானபாக்கியம் அம்மாவின் மருமகள் சில்வியாவே, அடுப்பை அணைத்துவிட்டு வந்திருக்கும் தெருக்கடைத் தோழர்களே, சங்கச் செயலாளர் செங்கொடியின் வணக்கம்.

என்ன பேசுவேன்? அத்தோ ஞானபாக்கியம் அம்மா போய்விட்டார் என்று எந்த வாயால் சொல்வேன்?

சிறு பெண்ணாக ரங்கூனிலிருந்து கப்பலில் வந்து இறங்கியவர். கணவர் இறந்த பிறகு காலடிப்பேட்டையில் தள்ளுவண்டி போட்டவர். நூடுல்ஸில் கோஸும் வெங்காயமும் போட்டு, புளித்தண்ணீர் விட்டு, அவர் கையால் பிசைந்து தந்த பர்மா அத்தோவைத் தின்ன எண்ணூரிலிருந்து ஆள் வந்தது. கேமராவும் வந்தது! நான்கு ஆவணப்படங்கள், தோழர்களே! வந்தவர்கள் எல்லோரும் கப்பல் கதையைச் சொல்லி அழச் சொன்னார்கள். அம்மா அழுதாரா?

"அழுவுறதுக்கு இன்னா கீது நைனா? கப்பல்ல வேளாவேளைக்கு சோறு போட்டாங்க. மொதல்ல துன்னு, அப்பால படம் புடி" என்று தட்டை நீட்டினார்.

கடைசிப் படம் எடுத்த தம்பி, பின்னால் கடல் தெரிந்தால் நன்றாக இருக்கும் என்றார். அம்மா மறுப்பாரா? வண்டியைக் குட்டியானை லாரியில் ஏற்றிக்கொண்டு காசிமேட்டுக்குப் போனார். அன்றைக்குத்தானா காலடிப்பேட்டையில் மாநகராட்சியின் தெருக்கடைக் கணக்கெடுப்பு வர வேண்டும்! நின்ற இடத்தில் பார்த்த வண்டிக்கெல்லாம் அங்கேயே கடை போட அனுமதி அட்டை கொடுத்தார்கள். அம்மாவின் இடத்தில் வண்டி இல்லை, அட்டையும் இல்லை.

அம்மா யார் என்று காட்ட, அந்தப் படத்தையே மாநகராட்சி அலுவலகத்துக்குக் கொண்டுபோனோம். "இதுல வண்டி காசிமேட்டுலதானே நிக்குது?" என்று கேட்டார்கள். காசிமேட்டு வண்டிக்குக் காலடிப்பேட்டையில் அட்டை இல்லை என்று அனுப்பிவிட்டார்கள்.

படம் எடுத்த தம்பியை நான் வாய்க்கு வந்தபடி திட்டினேன். "அந்தப் புள்ளய வையாத செங்கொடி. அதுக்கு இன்னா தெரியும்? கூப்ட்டுச்சு, நான் போனேன்" என்றார் அம்மா. அதற்குப் பிறகு அவர் ஏறாத படி இல்லை. அந்த அலுவலகத்தின் படியிலேயே மயங்கி விழுந்தார். எழுந்திருக்கவே இல்லை.

கல்லறை ஈரம் காயவில்லை. அட்டை இல்லாத வண்டி என்று நாளைக் காலை அதைத் தூக்க வருகிறார்களாம்! சில்வியா இரண்டு பிள்ளைகளை வைத்துக்கொண்டு எங்கே போவாள்? யாரிடம் போய்க் கேட்பாள்? யோசித்து யோசித்துப் பார்க்கிறேன், எனக்கு ஒரு வழியும் தெரியவில்லை.

உறுதிமொழி சொல்லச் சொன்னார் பாய். என்னிடம் பெரிய வார்த்தைகள் இல்லை. விடிந்ததும் சில்வியா அடுப்பைப் பற்றவைக்கட்டும். அத்தோ பிசையட்டும். நாம் வண்டியைச் சுற்றி நின்று தின்போம்! தட்டோடு நிற்கிறவர்களைத் தள்ளிவிட்டுத் தூக்கட்டும், பார்ப்போம். தூக்கினாலும் தூக்கிவிடுவார்கள். எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது. பயந்துகொண்டே வாருங்கள், தோழர்களே! இன்னொரு முறை அவர்கள் கணக்கெடுக்க வந்து பார்க்கும்போது, ஞானபாக்கியம் அம்மாவின் இடம் காலியாக இருக்கக் கூடாது!