தானாகவே வீடு திரும்பினார்

தேனுஜா: உங்கட புத்தகத்தில நூற்றிப் பன்னிரண்டு இடத்தில "மனைவி" எண்டு கிடக்கு அங்கிள். பென்சிலால கோடு போட்டுக்கொண்டு வந்தனான். ஒரு இடத்திலகூட அவவின்ர பேர் இல்லை.

யாகோப்பு: பிள்ளை, உங்களை ஆய்வுரை செய்யச் சொல்லித்தானே கூப்பிட்டனான். நீங்கள் சனத்தொகை மதிப்பீடு செய்துகொண்டு வந்திருக்கிறியள்.

பிளோறன்ஸ்: முதல் தேத்தண்ணியைக் குடியுங்கோ. லைப்சிக்கில இருந்து வந்த பிள்ளை, வந்து இருந்த உடனை...

யாகோப்பு: இஞ்சேர், நீ அந்த றோல்சைக் கொண்டு வா. நாங்கள் இலக்கியம் கதைக்கிறம்.

தேனுஜா: இலக்கியம் இல்லை அங்கிள். மனிசியைக் கத்தியால குத்திக் கொலை செய்த ஒராளின்ர வாழ்க்கை வரலாறு. நீங்கள் எழுதினது. சனிக்கிழமை இஞ்ச கெல்சென்கிர்ச்சன் மண்டபத்தில குத்துவிளக்குக் கொளுத்தி வெளியிடப் போறியள்.

யாகோப்பு: கொளுத்தினால் என்ன? இந்த நாட்டுப் புத்தகக் கடைக்குப் போய்ப் பாருங்கோ. வாசலடியில அடுக்கி வைச்சிருக்கிறது முழுக்கக் கொலைகாரரும் கொள்ளைக்காரரும்தான். கிழவியள் கட்டில்ல படுத்துக்கொண்டு வாசிக்குதுகள். எங்கட ஆக்களில ஒருத்தர் எழுதினால் மட்டும்...

தேனுஜா: எழுதுங்கோ. ஆரைப் பற்றி எழுதினனீங்கள் எண்டுதான் கேக்கிறன். பதினாறு அதிகாரம். அதில ஒன்பது, அவர் பொலிசுக்கு ஒளிச்சுத் திரிஞ்ச பதினொரு மாதம். பாரிசில ரெஸ்ரோரண்ட் குசினியில கோழி வெட்டினது. மீசை எடுத்தது. போடரில பொலிஸ்காரனுக்கு முன்னால நிண்டு அப்பிள் சாப்பிட்டது.

பிளோறன்ஸ்: அந்த அப்பிள் நல்லாத்தான் இருக்கு.

யாகோப்பு: பாத்தியளோ. இவவுக்கே பிடிச்சிருக்கு. என்ர எழுத்தில இவவுக்கு ஒண்டும் பிடிக்கிறேல்லை.

தேனுஜா: கொலை எத்தினை வரி தெரியுமோ அங்கிள்?

யாகோப்பு: அதை விரிச்சு எழுதுறது அழகில்லை எண்டு...

தேனுஜா: நாலு வரி. வாசிக்கிறன். "வாக்குவாதம் முற்றியது. அரியரத்தினம் அவர்கள் நிலை தடுமாறினார். கைக்குக் கத்தி அகப்பட்டது. அத்துயரச் சம்பவம் நிகழ்ந்தது." அகப்பட்டதாம். கத்தி தானா ஓடிவந்து அவற்ற கைக்குள்ள ஏறினதோ? "அவர்கள்" வேற. கொலைகாரனுக்கு "அவர்கள்", செத்தவவுக்கு "மனைவி".

யாகோப்பு: பேர் போட்டால் டாற்றன்ஷுட்ஸ் பிரச்சினை வரும் பிள்ளை. ஆக்களின்ர அந்தரங்கம். நீங்கள் சட்டம் படிச்சனீங்கள், உங்களுக்குத் தெரியாததே?

தேனுஜா: அவவுக்கு டாற்றன்ஷுட்ஸ். அவருக்கு அட்டைப்படம். நாலாம் பக்கத்தையும் கேளுங்கோ. "பாலர் வகுப்பு முதல் ஒழுக்கத்திற் சிறந்து, பெற்றோர் மெச்ச வளர்ந்து, உற்றார் உறவினரை அரவணைத்து, இல்லாதோர்க்கு ஈந்து..." இது என்ன?

பிளோறன்ஸ்: அது கல்வெட்டு.

யாகோப்பு: நீ கொஞ்சம் பேசாமல் இரு.

பிளோறன்ஸ்: பின்னை என்ன. கமலநாயகி அக்கா செத்து முப்பத்தோராம் நாளுக்கு அடிச்ச கல்வெட்டுப் புத்தகத்திலயும் இதே வசனம்தான். அதுக்கு முதல் சிசிலி மாமிக்கும் இதுதான். ஆளின்ர பேரை மட்டும் மாத்துறவர்.

யாகோப்பு: என்ன செய்ய? முப்பது வருசமா இந்தப் பக்கத்தில ஆர் செத்தாலும் என்னட்டைத்தான் வருவினம். இருநூறு கல்வெட்டுக்கு மேல எழுதிப்போட்டன். கை பழகிப்போச்சு. பேனையை எடுத்தால் நல்லதாத்தான் வருது. செத்த ஆளைக் குறை சொல்லி எழுதேலுமோ?

தேனுஜா: இவர் சாகேல்லையே. பதினேழு வருசம் உள்ள இருந்திட்டு வெளியில வந்து, வடக்கில எங்கயோ ஆட்டிறைச்சிக் கறி வைச்சுச் சாப்பிடுறார் எண்டு கடைசி அதிகாரத்தில நீங்களே எழுதியிருக்கிறியள். உயிரோட இருக்கிறவருக்குக் கல்வெட்டு. செத்தவவுக்கு ஆர் எழுதினது?

யாகோப்பு: அவவுக்கு... ஒருத்தரும் வந்து கேக்கேல்லைப் பிள்ளை.

தேனுஜா: ஆர் வந்து கேக்கிறது? கேக்க வேண்டிய புருசன் ஓடிக்கொண்டிருந்தவர். நான் திகதி பாத்தனான். அவ செத்து முப்பத்தோராம் நாள் உங்கட அஞ்சாம் அதிகாரத்தில வருது. அண்டைக்குத்தான் அவர் மீசை எடுக்கிறார். அதை ஒண்டரைப் பக்கம் எழுதியிருக்கிறியள் அங்கிள். கண்ணாடியில பாத்துத் தன்னைத் தனக்கே தெரியேல்லையாம்.

பிளோறன்ஸ்: வாசிக்கேக்க எனக்கு அது விளங்கேல்லை...

யாகோப்பு: சட்டியில இருக்கிறதுதானே அகப்பையில வரும்? என்னட்டை இருக்கிறது அவர் மறியல்ல, சிறைக்குள்ள இருந்து எழுதின கடிதங்கள். அவற்ற பக்கம்தான் எனக்குத் தெரியும். அவவுக்குத் தங்கச்சி ஒராள் இருக்கிறாவாம். எங்க எண்டு தெரியாது.

தேனுஜா: தேடினனீங்களோ?

யாகோப்பு: அது... இந்தக் காலத்தில ஒராளைத் தேடிப் பிடிக்கிறது...

பிளோறன்ஸ்: தேடேல்லை.

யாகோப்பு: நீ ஆற்ற பக்கம்?

பிளோறன்ஸ்: றோல்ஸ் ஆறுது. சாப்பிடுங்கோ பிள்ளை.

யாகோப்பு: சரி. நான் ஒண்டு சொல்லுறன் கேளுங்கோ. உங்கட கட்டுரையளை இணையத்தில வாசிச்சு, நல்ல தமிழ், நல்ல அறிவு எண்டுதான் கூப்பிட்டனான். ஆய்வுரை எண்டால் என்ன? பத்து நிமிசம். ஆசிரியரைப் பற்றிக் கொஞ்சம், அட்டை நல்லா வந்திருக்கு எண்டு கொஞ்சம். நாலு வசனத்தை வாசிச்சுக் காட்டுறது. முடிக்கேக்க ஒரு எழுத்துப் பிழையைச் சொன்னால் போதும், "பிள்ளை நடுநிலைமையாக் கதைச்சிட்டுது" எண்டு சனம் கை தட்டும். வெளியீட்டு மேடையில ஆரும் புத்தகத்தைக் கிழிக்கிறேல்லை.

தேனுஜா: கிழிக்கேல்லை அங்கிள். ஒரு சொல்லை எடுக்கச் சொல்லித்தான் வந்தனான். அச்சகத்துக்கு இண்டைக்கு அஞ்சு மணிக்குத்தானே அனுப்புறியள்? இப்ப மூண்டரை.

யாகோப்பு: ஒரு சொல்லோ? இவ்வளவு சத்தமும் ஒரு சொல்லுக்கோ? முதலே சொல்லியிருக்கலாமே. எந்தப் பக்கம்?

தேனுஜா: தொண்ணூற்றி மூண்டு. "அன்று காலை மனைவி கோபித்துக்கொண்டு பிள்ளையுடன் ஒரு குடும்ப நண்பர் வீட்டுக்குச் சென்றிருந்தார். மாலையில் மனம் மாறித் தானாகவே வீடு திரும்பினார்."

யாகோப்பு: ...அதில என்ன பிழை?

தேனுஜா: "தானாகவே." அதை எடுங்கோ.

யாகோப்பு: அது எடுத்தால் வசனம் இடறும்.

தேனுஜா: இடறட்டும். தொண்ணூற்றியோராம் பக்கத்தில நீங்கள் என்ன எழுதினனீங்கள்? அண்டைக்கு நல்ல ஸ்னோ, மத்தியானத்தோட பஸ் எல்லாம் நிண்டிட்டுது, அவர் வேலைக்குப் போகேலாமல் வீட்டில இருந்து குடிச்சவர் எண்டு. ஓமோ?

யாகோப்பு: ஓம், எழுதியிருப்பன்.

தேனுஜா: பஸ் இல்லை. முழங்கால் அளவுக்கு ஸ்னோ. கையில அஞ்சு வயசுப் பிள்ளை. அவ தானா எப்பிடித் திரும்பினவ? பறந்து வந்தவவோ?

யாகோப்பு: நடந்து... நடந்து வந்திருப்பா.

தேனுஜா: எங்க இருந்து? அந்தக் குடும்ப நண்பர் ஆர்?

யாகோப்பு: அது கதைக்கு முக்கியமில்லை.

தேனுஜா: எனக்கு இந்தப் புத்தகத்தில அது ஒண்டுதான் முக்கியம். போடரில பொலிஸ்காரன்ர தொப்பி என்ன நிறமெண்டு எழுதத் தெரிஞ்ச உங்களுக்கு, அந்த நண்பற்ற பேர் தெரியாதோ?

யாகோப்பு: விசாரணையில வராத பேரை நான் எப்பிடி...

தேனுஜா: விசாரணையில அவ வெளியில போனதே வரேல்லை அங்கிள். தீர்ப்பை நான் முழுக்க வாசிச்சனான். உங்கட புத்தகத்திலதான் முதல் முதலா அப்பிடியொரு வீடு வருது. வந்த உடனை முழுப் பூசணிக்காயைச் சோத்துக்குள்ள புதைக்கிறியள்.

யாகோப்பு: பிள்ளை, கொஞ்சம் மரியாதையாக் கதைக்கலாம்.

தேனுஜா: மரியாதை இருக்கிறபடியால்தான் வீட்டுக்கு வந்து கதைக்கிறன். மேடையில கதைச்சிருக்கேலும். தானா வந்தவ எண்டால் என்ன அர்த்தம்? சனம் அந்தப் பக்கத்தை வாசிச்சிட்டு என்ன சொல்லும் எண்டு உங்களுக்குத் தெரியாதோ? "அப்பிடிப் பயமெண்டால் ஏன் திரும்பிப் போனவள்? அவளிலயும் ஏதோ இருந்திருக்கு." மண்டப வாசல்ல நிண்டு வடை சாப்பிட்டுக்கொண்டு சொல்லுவினம். அந்த ஒரு சொல்லால அவவைத்தானே குற்றவாளிக் கூண்டில ஏத்துறியள். அவர் பதினேழு வருசத்தில இறங்கிட்டார். அவ எப்ப இறங்குறது?

யாகோப்பு: உங்களுக்கேன் இவ்வளவு கோவம்? உங்களுக்கு அப்ப எத்தினை வயசு? பால்குடி.

தேனுஜா: கோவப்பட வயசு வேணுமோ?

யாகோப்பு: அந்தச் சொல்லை எடுக்கேலாது. அது கடிதத்தில அவர் தந்த வாக்குமூலம். எழுதினபடி எழுதியிருக்கிறன். முடிஞ்சுது கதை.

பிளோறன்ஸ்: சயந்தினி.

யாகோப்பு: பிளோறன்ஸ்...

பிளோறன்ஸ்: அதுதான் அவவின்ர பேர். சயந்தினி. "மனைவி" எண்டு எழுதின இடமெல்லாம் வெட்டிப்போட்டு அதைப் போடுங்கோ.

யாகோப்பு: இஞ்சேர், நீ உள்ள போ.

பிளோறன்ஸ்: நான் போகேல்லை. உள்ள போய்த்தான் இவ்வளவு காலமும் இருந்தனான். பிள்ளை... அந்தக் குடும்ப நண்பர் வீடு இதுதான். இந்தக் கதவைத்தான் தட்டினவ. வீட்டுச் செருப்போட வந்தவ, கால் ரெண்டும் சிவந்துபோய். கையில ஒரு சின்னப் பேப்பர் வைச்சிருந்தவ. அடி வாங்கின பொம்பிளையள் போய் இருக்கிற வீடு இருக்கெல்லோ, அந்த நம்பர். பிள்ளையின்ர கிண்டர்கார்டனில ஆரோ ஜெர்மன்காரி எழுதிக் குடுத்ததாம். "அக்கா, எனக்குப் பாஷை சரியா வராது, நீங்கள் ஒருக்கா ரெலிபோன் எடுத்துக் கதைச்சு விடுங்கோ" எண்டு கேட்டவ.

தேனுஜா: எடுத்தனீங்களோ?

பிளோறன்ஸ்: இல்லை. "ஊர் சிரிக்கும்" எண்டன். ஆம்பிளையெண்டால் கோவம் வரும், நாங்கள்தான் அனுசரிச்சுப் போகவேணும் எண்டன். பொம்பிளைப் பிள்ளையையும் வைச்சுக்கொண்டு தனிய என்ன செய்யப் போறாய் எண்டன். இதெல்லாத்தையும் நல்ல புத்திமதி எண்டு நினைச்சுக்கொண்டுதான் சொன்னனான். சொல்லச் சொல்ல அவ அந்தப் பேப்பரை மடிச்சு மடிச்சு... பிறகு ஒண்டும் கேக்கேல்லை.

யாகோப்பு: போதும்.

பிளோறன்ஸ்: போதாது. ஆர் கொண்டுபோய் விட்டதெண்டதை நீங்கள் சொல்லுங்கோ. உங்கட வாயால சொல்லுங்கோ.

யாகோப்பு: ...அவர் என்ர சினேகிதன் பிள்ளை. ஒரே கிளப்பில விளையாடினனாங்கள். குடும்பம் பிரியக்கூடாது எண்டு... நான்தான் காரில ஏத்திக்கொண்டு போனனான். வழியில ஸ்னோ. மெதுவா ஓடினனான். அவர் கதவைத் திறந்து, "பெரிய உபகாரமடா மச்சான்" எண்டு சிரிச்சுக்கொண்டுதான் கையைப் பிடிச்சவர். நான் திரும்பி வந்து சாப்பிட்டிட்டுப் படுத்தனான்.

தேனுஜா: பொலிசுக்குச் சொல்லேல்லை.

யாகோப்பு: இல்லை. ஆரும் கேக்கேல்லை. நாங்களும் சொல்லேல்லை. பிறகு மறியல்ல இருந்து அவர் கடிதம் எழுதத் தொடங்கினார். ஒவ்வொரு கடிதத்திலயும் அந்தச் சொல் இருந்திது. "அவள் தானாத்தான் வந்தவள் மச்சான். நீ மனசைப் போட்டு உழப்பாதை." அதை வாசிச்ச அண்டைக்குத்தான் எனக்கு நித்திரை வந்தது. அந்தச் சொல்லுக்காகத்தான் பிள்ளை இந்தப் புத்தகமே எழுதினனான். அச்சில வந்தால் உண்மையாப் போயிடும் எண்டு...

பிளோறன்ஸ்: அந்தச் சின்னன் என்னவாப் போச்சுதோ தெரியாது. சொந்தப் பேர்கூட எங்களுக்குத் தெரியாது. குட்டி, குட்டி எண்டுதான் அவ கூப்பிடுறவ. இருபத்தினாலு வருசமா இந்த வீட்டைவிட்டு இந்தக் கதை வெளியில போகேல்லை. எங்கள் ரெண்டு பேரையும் அந்தாளையும் தவிர உயிரோட இருக்கிற ஒரு சீவனுக்கும் தெரியாது. இப்ப உங்களுக்கு மட்டும்தான் சொல்லியிருக்கிறம்.

தேனுஜா: எனக்கு முதலே தெரியும் அன்ரி. அங்கிள் ஓடின காரில அம்மாவின்ர மடியில இருந்தனான்.