ஞாயிற்றுக்கிழமைத் தாதி

தொலைக்காட்சிப் பெட்டியை நிலத்துக்கு அடியில் இருக்கும் கீழ்த்தளத்தில் வைப்பது இந்த ஊர் வழக்கம். மல்வேர்னில் எங்கள் வீட்டிலும் அப்படித்தான். அதை நீங்கள் ஏன் இவ்வளவு விசாரிக்கிறீர்கள் என்று எனக்குப் புரிகிறது, ஐயா.

என் மனைவி மங்கையற்கரசி லண்டனில் தொலைக்காட்சி நடிகை. பெரிய நடிகை என்று சொல்லமாட்டேன். கடைக்காரனின் மனைவியாக வருவாள், பஸ்ஸில் பக்கத்து இருக்கையில் இருப்பாள், ஒருமுறை பிணமாகவும் கிடந்தாள். மூச்சடக்குவதில் கெட்டிக்காரி என்று இயக்குநரே பாராட்டினாராம். கடைசியாக ஓர் ஆஸ்பத்திரித் தொடரில் தாதி. டொக்டர் வருகிறார் என்று சொல்லிவிட்டுப் போய்விடுவாள். அந்தத் தாதிக்கு ஒரு பெயர்கூட இல்லை.

எண்பத்தைந்தில் எனக்குக் கடல்கடந்து இங்கே, ஒஷாவாவில் வேலை கிடைத்தது. நடிப்பை விட்டுவிட்டு என்னுடன் வந்தாள். அடுத்த வருடமே லண்டனிலிருந்து அழைப்பு வந்தது. புதுத் தொடர்.

"இந்தமுறை எனக்கொரு பேர் வைச்சிருக்கினம். நீங்கள் மறிச்சாலும் நான் போவன்" என்றாள்.

எனக்குப் பயமாக இருந்தது. பெயர் கிடைத்தவள் திரும்பி வருவாளா? அவள் வரமாட்டாள் என்று லண்டனுக்கு நானே போன் பண்ணிச் சொன்னேன். இங்குள்ளவர்களிடம், நடிக்கப் போய்விட்டாள் என்றேன். அந்த வாரம் கீழ்த்தளத்தில் தண்ணீர் ஊறியதால் புதிதாகச் சீமெந்துத் தரை போட்டுக் கம்பளம் விரித்தேன்.

பிறகு அந்த ஆஸ்பத்திரித் தொடர் இங்கே ஓடத் தொடங்கியது. அங்கே முடிந்தவை இங்கே வருடக்கணக்கில் பிந்தித்தான் வரும். எங்கள் ஆட்களுக்கு அது தெரியாது. ஞாயிறு மாலைகளில் எல்லோரும் என் வீட்டில் கூடினார்கள்.

"பிள்ளை நல்லாத்தான் இருக்கிறாள்" என்பார் பக்கத்து வீட்டுக் கமலாம்பிகை அன்ரி. "உந்தத் தரையும் நல்லது தம்பி, காலே குளிரேல்லை."

போன ஞாயிறு வின்சன்ற் வந்தான். லண்டனில் அவளோடு நடித்தவன்.

"உது எப்பவோ எடுத்த படமெல்லே அண்ணை" என்றான். "மங்கை அக்கா அங்கை வரவேயில்லை. அவ எங்கை?"

எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் தேத்தண்ணி போட மேலே போனேன். உங்களை அழைத்தது அவன்தான். அவன்மேல் எனக்குக் கோபமில்லை.

கம்பளத்தை நீங்களே தூக்கிப் பார்த்துவிட்டீர்கள். லண்டனுக்குப் போகப் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தவளைக் கட்டிலில் சாய்த்துத் தலையணையால் அழுத்தினேன். எடுத்த பிறகும் அசையாமல் கிடந்தாள். நடிக்கிறாள் என்று நினைத்துப் பக்கத்திலேயே இருந்தேன். கூப்பிட்டும் பார்த்தேன்.

ஒன்றை மட்டும் தவறாமல் எழுதிக்கொள்ளுங்கள். அவள் நடிப்பை நான் ஒருநாளும் தடுத்ததில்லை. ஒவ்வொரு ஞாயிறும் ஊரைக் கூப்பிட்டு, அவளை எல்லோருக்கும் போட்டுக் காட்டியது நான்தான்.