தேத்தண்ணி வேண்டாம் என்ற மாப்பிள்ளை

"என்ர வீட்டில வந்திருந்து தேத்தண்ணியைத் தொடாதவனுக்கு நான் பொம்பிளை குடுக்கேலாது!"

ஸ்ட்ரெதம் நிறுத்தத்தில் பஸ் ஏறிய கணவனும் மனைவியும் எனக்கு முன் இருக்கையில் அமர்ந்திருந்தார்கள். கணவரின் குரல் பஸ் முழுக்கக் கேட்டது.

"அந்த அமெரிக்காப் பெடியன் மோர்மன். அவங்கட சமயத்தில தேத்தண்ணி, கோப்பி குடிக்கிறேல்லை. மகள் முன்னமே சொன்னவள்தானே," என்றார் மனைவி.

"நாலு பொம்பிளையைக் கட்டுற கூட்டம்!"

"அதை விட்டு நூறு வருசத்துக்கு மேல. இப்ப ஆரும் அப்பிடிக் கட்டினால் சமயத்தை விட்டே விலக்கிப் போடுவினம்."

"அமெரிக்காவில அவங்களை ஊர் ஊராய் அடிச்சுத் துரத்தினது. சும்மாவே துரத்தினவங்கள்?"

மனைவிக்குக் கோபம் ஏறிவிட்டது.

"ஓம், துரத்தினதுதான். அவங்கட தலைவரையும் சுட்டுக் கொன்றது. பாலைவனம் வரைக்கும் நடந்து போய் உயிர் தப்பின சனம். இண்டைக்கு அதே நாட்டில செனட்டராயும் இருக்கினம். தமிழரெண்டால் குண்டு வைக்கிறவங்கள்தானே எண்டு வேலையில ஒருத்தன் கேட்டதுக்கு நீங்கள் ரெண்டு நாள் சாப்பிடாமல் கிடந்தனீங்கள். அவனுக்கும் உங்களுக்கும் இப்ப என்ன வித்தியாசம்?"

"அது வேற."

"என்ன வேற? கலவரத்தில எங்கட வீட்டைக் கொளுத்தினவங்களும் 'சும்மாவே கொளுத்தினது?' எண்டுதான் கேட்டவங்கள்!"

கணவர் இறங்குவதற்கான மணியை ஓங்கி அழுத்திவிட்டு எழுந்தார்.

"அப்ப வாற சனிக்கிழமை திரும்ப வரேக்க அவனுக்கு என்னத்தைத்தான் ஊத்திக் குடுக்கிறது?"