பஸ்தோனியை நான் சாகவிடவில்லை

தேநீரில் சீனி கொஞ்சம் கூடிவிட்டது, ஐயா. பரவாயில்லை. படக் கொம்பனிக்காகக் கொழும்பிலிருந்து இவ்வளவு தூரம் விசாரிக்க வந்திருக்கிறீர்கள். ஒளிக்க என்னிடம் ஒன்றுமில்லை.

மாத்தளையில் இந்தத் தியேட்டரில் பதினோரு வருடமாகப் படம் ஓட்டுகிறேன். ஞாயிறு பகல் மெட்னிக் காட்சிக்கு இரத்தோட்டைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டச் சனம் வரும். அவர்களுடைய கடைசி பஸ் ஆறேகாலுக்கு. படம் நீளமென்றால் பஸ்ஸுக்காகக் கொஞ்சம் வெட்டுவேன். மெனேஜர் கணபதி ஐயாவே சொன்னதுதான். எதை வெட்டுவது என்று மட்டும் அவர் சொல்லவில்லை.

எழுபத்து நாலில் இத்தாலிக்காரர்கள் எடுத்த கவ்போய் படங்கள் வரிசையாக வந்தன. அவற்றில் எர்க்கோலே பஸ்தோனி என்று ஒரு தடித்த மனிதர். பெயர்ப் பட்டியலில் கடைசி ஆள். அவர் வந்த ஒன்பது படத்திலும் அரை மணி நேரத்துக்குள் சாவு. ஒன்றில் குதிரைத் தொட்டிக்குள் விழுந்து செத்தார். இன்னொன்றில் வாயில் வைத்த சூப்பைக்கூட விழுங்க விடவில்லை, பாவிகள்.

ஒருநாள் இடைவேளையில் கொழுந்தெடுக்கிற வேலம்மா என்னிடம் வந்தாள்.

"பாவம்ண்ணே அந்த மனுசன். ஒரு படத்துலயாவது கடைசி மட்டும் இருந்துட்டுப் போகட்டுமே."

அடுத்த ஞாயிறிலிருந்து அவருடைய சாவுகளைத்தான் வெட்டினேன். பஸ்ஸுக்காகத்தான்.

"சரிண்ணே, பொறகு ஆளையே காணோமே?" என்றாள் வேலம்மா.

நியாயமான கேள்வி. மற்றப் படங்களிலிருந்து அவரை வெட்டியெடுத்து அங்கங்கே ஒட்டினேன். ஒரு தமிழ்க் குடும்பப் படத்தில், தாலி கட்டுகிற நேரம் குதிரையில் வந்து நின்றார். பெண்ணின் தாய்மாமன் என்று சனமே முடிவு செய்துகொண்டது. நான் மறுக்கவில்லை.

போன ஞாயிறு வந்த பத்தாவது படத்தில்தான் சிக்கல். அதில் மட்டும் பஸ்தோனி கடைசிவரை இருந்தார். கடைசிக் காட்சியில் கதாநாயகனே பஸ்தோனியைச் சுடுகிறான். வெட்டினால் இருவரும் முறைத்தபடியே படம் முடிந்துவிடும். ஆற அமர யோசித்தேன். முன்பாதியில் கதாநாயகனுக்குக் காலில் துப்பாக்கிச் சூடு பட்டு விழுகிற துண்டு ஒன்று இருந்தது. அதை எடுத்து அங்கே ஒட்டினேன். தொடர்ந்து, ஒரு தமிழ்ப் படத்திலிருந்து தப்படித்துப் பாடை போகிற துண்டு. அதன்பிறகு அந்தக் குடும்பப் படத்துத் தாலி கட்டுகிற துண்டை ஒட்டி, பஸ்தோனிக்குக் கல்யாணம். சனம் அழுதது, சிரித்தது, எழுந்து நின்று கைதட்டியது. படம் இருபத்தைந்து நிமிடம் கூடிவிட்டது.

பஸ் போய்விட்டது. அறுபது பேர் மழையில் நடந்தார்கள். வேலம்மாவுக்கு இன்னும் காய்ச்சலாம். அதனால்தான் உங்களுக்கு முறைப்பாடு வந்தது. படத்தைப் பற்றி ஒருவரும் குறை சொல்லவில்லை என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

ஆமாம் ஐயா, கதாநாயகனைக் கொன்றது நான்தான். அவன் எத்தனை பேரைச் சுட்டிருப்பான், அதை யாராவது விசாரித்தீர்களா?

அதே படம் கண்டியிலும் ஓடுகிறதாம். அங்கே அவன் இன்னும் உயிரோடு திரிகிறானாம். அந்தத் தியேட்டருக்கு ஒப்பரேட்டர் வேலை கேட்டு நேற்றே கடிதம் போட்டுவிட்டேன்.