பேஸ்மென்ற் வாடகைக்கு

கனடாவில், ஸ்காபரோ பஸ்ஸில் மகளை மடியில் வைத்திருந்தேன். முன் சீற்றில் இருந்த, தமிழ்ப் பேப்பரில் எழுதும் எழுத்தாளரிடம் ஓர் இளைஞன் பேச்சுக் கொடுத்தான். ஒட்டுக்கேட்பது சரியில்லைத்தான், கேட்டேன்.

“அண்ணை, அமெரிக்கக் கறுப்பு மக்கள் சம உரிமைக்குப் போராடினதைப் பற்றிப் பேப்பரிலை நல்லா எழுதியிருக்கிறியள்.”

“அந்தப் போராட்டம் இன்னும் முடியேல்லை, தம்பி.”

“ஓம். உங்கடை வீட்டுக்குக் கீழை பேஸ்மென்ற் வாடகைக்கு எண்ட விளம்பரம் பாத்து ஃபோன் எடுத்தனான். ஊரிலை எந்தக் கோயிலடி எண்டு உங்கடை வீட்டு அக்கா கேட்டா. சொன்னன். சாதி விளங்கின உடனை, வேறை ஆள் வந்திட்டுது எண்டு ஃபோனை வைச்சிட்டா. இந்தக் கிழமைப் பேப்பரிலையும் விளம்பரம் கிடக்கு.”

“மனிசி பழைய ஆள், தம்பி.”

“என்ரை மனிசிக்கு இந்த மாசம் பிள்ளை பிறக்குது. இருக்க இடமில்லை. நீங்கள் ஒருக்கால் சொல்லுங்கோவன்.”

எழுத்தாளர் எழுந்து, இறங்குவதற்கு மணிக் கயிற்றை இழுத்தார்.

“அண்ணை, உங்கடை வீட்டுக்கு இன்னும் நாலு ஸ்ரொப் கிடக்கு.”